இந்தோனேசிய வீடியோ செய்தியில ஒரு திருத்தம் வேணுங்க

ஆசிரியர் ஐயாவுக்கு வணக்கங்க.

போன ஞாயித்துக்கிழமை நம்ம பேப்பர்ல இந்தோனேசியா வைரல் வீடியோக்களப் பத்தி ஒரு செய்தி வந்துச்சு, ஜகார்த்தா பசங்க இங்கிலீஷ கலந்து கலந்து பேசி தாய்மொழிய கொன்னுட்டாங்கன்னு. நான் பல்லடத்துக்காரன், ஸ்பின்னிங் மில்லுல மெயின்டனன்ஸ் வேலை, ஒம்போது வருசமா மத்திய ஜாவால சோலோ பக்கத்துல இருக்கேன். அந்த செய்திய என் ஷிஃப்ட் பையன் ஒருத்தன்கிட்ட படிச்சு அர்த்தம் சொன்னேன், அவன் உடனே கேட்டது இதுதான், "யாரோட தாய்மொழிய சொல்றாங்க, பாக்?" (பாக்னா இங்க ஐயா மாதிரி.) அவன் கேட்டது நியாயமான கேள்விங்க, அதனாலதான் எழுதுறேன்.

இந்த நாட்டுல எழுநூறுக்கும் மேல மொழி இருக்கு. 2010 கணக்கெடுப்புல வீட்டுல தினமும் இந்தோனேசிய மொழி பேசுறவங்க சுமார் 20 சதவீதம்தான். மத்தவங்க வீட்டுல ஜாவானீஸ், சுண்டானீஸ், மதுரா தீவு மொழி, பாத்தாக், மினாங், இப்படி. இந்தோனேசிய மொழிங்கறது அடிப்படையில மலாய், துறைமுகத்துல வியாபாரிங்க பேசிட்டிருந்தது. 1928 அக்டோபர் 28 அன்னிக்கு இளைஞர் மாநாட்டுல பல தீவுக்கார பசங்க ஒண்ணா கூடி, ஒற்றுமைக்கு இதுதான் நம்ம மொழின்னு உறுதி எடுத்தாங்க. ஜாவாக்காரங்கதான் எண்ணிக்கையில பெரிய கூட்டம், ஆனாலும் ஜாவானீஸ எடுக்கல. அதுல பெரியவங்ககிட்ட பேச ஒரு சொல், சமமானவன்கிட்ட பேச வேற சொல்னு மரியாதைப் படி படியா இருக்குது, நம்ம நீ, நீங்கங்கற மாதிரி ஒரு எழுத்தோட முடியுற விஷயம் இல்ல, சோறு, வீடு, தூக்கம் எல்லாத்துக்குமே சொல்லு மாறும். அப்ப ஜகார்த்தா பையன் எந்த மொழிய கலக்குறானோ அது முக்காவாசி பேருக்கு தாய்மொழியே இல்லைங்க.

இதுல இன்னொண்ணு, அந்த மொழி எப்பவுமே கலந்துதான் இருந்துச்சு. மில் மீட்டிங்ல முதலீட்டப் பத்தி பேசுறப்ப "மோடால்"னு சொல்வாங்க, அது நம்ம முதல். பெட்டிக்கு பெத்தி, கப்பலுக்கு காப்பால், கல்யாணப் பொண்ணு மாப்பிள்ளைக்கு மெம்பெலாய், எல்லாம் தமிழ்ல இருந்து போனது. ஃப்ரிட்ஜுக்கு சொல்ற குல்காஸ் டச்சு வார்த்தை. நண்பர்களுக்குள்ள நான், நீங்கறதுக்கு வர்ற குவே, லோ ரெண்டும் ஹொக்கியன் சீனத்துல இருந்து வந்தது. அடுத்தவன் விஷயத்துல மூக்க நுழைக்கிறவனுக்கு கேப்போ, அதுவும் ஹொக்கியன்தான், இப்ப அரசாங்க அகராதியிலயே ஏறிடுச்சு.

இங்கிலீஷ் வார்த்தை வந்தா கூட அத சும்மா விடுறதில்ல இவங்க. முன்னாடி "ஙெ"ன்னு ஒரு ஒட்டு போடுவாங்க, லைக் பண்றதுக்கு ஙெலைக், சாட் பண்றதுக்கு ஙெசாட், அடுத்தவன் ஷேர் பண்ணிட்டான்னா டிஷேர். ஒட்டு இவங்களோடது, இலக்கணம் இவங்களோடது. தெற்கு ஜகார்த்தா பசங்கள கேலி பண்ணி 2018 வாக்குல நிறைய வீடியோ வந்துச்சு, வாக்கியத்துக்கு நடுவுல "விச் இஸ்", "லிட்டரலி"ன்னு போடுறாங்கன்னு, அதுலயே ஜுஜுர்ங்கற நேர்மைக்கான சொல்லோட இங்கிலீஷ் வாலு ஒண்ண ஒட்டி ஜுஜுர்லின்னு ஒரு சொல் பொறந்து இப்ப நாடு பூரா ஓடுது. மொழி தெரியாதவனால இப்படி ஒண்ணு செய்ய முடியுமாங்க? ரெண்டு மொழியோட உள் வேலையும் தெரிஞ்சாதான் ஒட்டவே முடியும்.

அதுக்கு முந்தியே இவங்களுக்கு இந்த பழக்கம் உண்டு. அப்பாவுக்கு பாபாக், அதுல "பாப்"ப எடுத்து நடுவுல ஒக்-ங்கற ஒலிய சொருகினா போகாப். ஜகார்த்தா ரவுடிங்ககிட்ட இருந்து காலேஜ் பசங்ககிட்ட வந்த பேச்சு இது. கிழக்கு ஜாவால மாலாங் ஊர்க்காரங்க வார்த்தைய திருப்பிப் போட்டு பேசுவாங்க, மாலாங்க ஙாலாம்னு, சுதந்திரப் போர் காலத்துல டச்சுக்காரனோட உளவாளிக்கு புரியக் கூடாதுன்னு ஆரம்பிச்சதா அங்க சொல்றாங்க. இன்னிக்கு எல்லா வீடியோலயும் வர்ற குய் அதே மாதிரி திருப்பினதுதான், வாங்க போலாம்னு கூப்பிடுற யுக்-க திருப்பிட்டாங்க. நம்ம ஊர்ல சின்னப் பசங்க பேசுற க பாஷை நெனவுக்கு வருது. எழுந்திரிக்க சோம்பலா இருந்தா மாகெர், எதுக்கெடுத்தாலும் மனசுல போட்டுக்கிறவன் பாபெர், எல்லாம் ரெண்டு சொல்லோட தலைய வெட்டி ஒட்டினது. என் வாட்ஸ்அப் குரூப்ல நைட் ஷிஃப்ட்ல பேசுறதே பாதி இதுதான்.

அந்த வீடியோக்கள்ல ஜாவானீஸ் எவ்வளவு வருதுன்னு உங்க செய்தியில ஒரு வரி கூட இல்ல. எங்க சோலோக்காரர் டிடி கெம்போட் வருசக்கணக்கா ஜாவானீஸ்ல பாடுனவரு, 2019-ல திடீர்னு இளவட்டங்க அவரத் தூக்கி வச்சு கொண்டாடினாங்க, மனசு சுக்குநூறா ஒடஞ்சு போறதுக்கு ஜாவானீஸ்ல இருக்கற அம்ப்யார்ங்கற சொல்ல ஜாவானீஸே தெரியாத ஜகார்த்தா பசங்க சொல்ல ஆரம்பிச்சாங்க. 2020 மே மாசம் அவரு இறந்தப்ப எங்க மில்லுல அன்னிக்கு பூரா அவரு பாட்டுத்தான், யாரும் நிறுத்தச் சொல்லல. போன வருசம், 2025 ஜூலைல, சுமத்ரா தீவு ரியாவ்ல நீள படகோட முனையில நின்னு ஆடுன பையன் வீடியோவ நம்ம பேப்பர்லயும் போட்டீங்க, உலகம் பூரா அதுக்கு ஆரா ஃபார்மிங்னு (அலட்டிக்காம கெத்து காட்டுறது) இங்கிலீஷ் பேரு வச்சிடுச்சு, அந்த ஊர்ல அப்படி முனையில நிக்கிற ஆளுக்கு தோகாக் லுவான்னு அவங்க பேச்சுலயே பேரு இருக்கு. அத யாரும் எழுதல, நமக்கும் தெரியாமப் போச்சு.

கவலைப்பட இடமே இல்லன்னு சொல்ல வரலைங்க. என் கூட வேலை பாக்குற பசங்களுக்கு ஃப்ரெண்ட்ஸ்கிட்ட பேசுற ஜாவானீஸ் நல்லா வருது, மாமனார்கிட்ட பேச வேண்டிய மரியாதை ஜாவானீஸ் தடுமாறுது, பயந்துகிட்டு இந்தோனேசியனுக்கு தாவிடுறாங்க. அவங்க குழந்தைங்ககிட்ட வீட்டுலயே இந்தோனேசியன்தான். தேயுறது அந்த எடத்துல, அத செய்யுறது லிட்டரலியோ ஜுஜுர்லியோ இல்ல. இந்த அரசாங்கத்தோட மொழி நிறுவனமே, இந்தோனேசிய மொழிய முன்னிறுத்து, வட்டார மொழிய காப்பாத்து, அன்னிய மொழிய கத்துக்கோன்னு மூணையும் சேர்த்துத்தான் சொல்லுது. ஆன்லைனுக்கு டாரிங், டவுன்லோடுக்கு உண்டுஹ், செல்ஃபிக்கு ஸ்வாஃபோட்டோன்னு புதுச் சொல்லும் போடுது, இதுல உண்டுஹ் ஜாவானீஸ்ல இருந்து எடுத்தது. ஸ்லாங் பேசுற அதே பசங்க இதையும் சர்வ சாதாரணமா சொல்றாங்க.

அதனால தாய்மொழிக் கொலைங்கற அந்த வார்த்தைக்கு ஒரு திருத்தம் போடுங்க. இனிமே இந்த மாதிரி வீடியோ போடுறப்ப அதுல பேசுறது ஜாவானீஸா, சுண்டானீஸா, ஜகார்த்தா மண்ணோட பேச்சான பெத்தாவியான்னு ஒரு வார்த்தை சேத்துடுங்க. இங்கிலீஷ் சப்டைட்டில நம்பி மொழிபெயர்க்க வேணாம், எனக்கு அனுப்புங்க, எந்த ஷிஃப்ட்ல இருந்தாலும் பசங்ககிட்ட கேட்டு அன்னிக்கே எழுதி அனுப்பிடுறேன்.

இப்படிக்கு,
பல்லடம் வாசகர்,
சோலோ, மத்திய ஜாவா