கொரியப் படம் என்றால் கத்தி மட்டும்தானா?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

ஞாயிறு இணைப்பில் கொரிய சினிமா பற்றி வந்த கட்டுரையைப் படித்தேன். பழிவாங்கல், தொடர்கொலை, ரத்தம், அப்புறம் ஓடிடி தொடர்கள் என்று பக்கம் நிறைந்துவிட்டது, இயக்குநர் ஹாங் சாங்-சூ பெயர் ஒரு வரியில்கூட இல்லை. 1996இல் முதல் படம் வந்ததிலிருந்து முப்பதுக்கும் மேல் எடுத்துவிட்டார், பெர்லின் திரைப்பட விழாவில் 2020இல் சிறந்த இயக்குநருக்கான வெள்ளிக் கரடி வாங்கினார். அவரை விட்டுவிட்டுக் கொரிய சினிமா என்று எழுதினால் எப்படி?

அவர் படத்தில் பெரிதாக எதுவும் நடக்காது. நாலு பேர் மேசையைச் சுற்றி உட்கார்ந்து சோஜு என்கிற கொரியச் சாராயம் குடிப்பார்கள், பேசுவார்கள், கேமரா ஓரிடத்தில் நின்று கட்டே சொல்லாமல் பார்த்துக்கொண்டிருக்கும், போதை ஏற ஏற ஒருவர் சொல்லக்கூடாததைச் சொல்லிவிடுவார், அந்த நேரம் பார்த்து சட்டென்று ஒரு ஜூம். முதலில் கல்யாண வீடியோ மாதிரித்தான் தெரியும். பொறுமையாகப் பாருங்கள். 2015இல் வந்த 'ரைட் நவ், ராங் தென்' ஒரு இயக்குநரும் ஓவியம் வரைகிற பெண்ணும் சந்திக்கிற ஒரே நாளை இரண்டு தடவை காட்டுகிறது. இரண்டாவது தடவை அவர் கொஞ்சம் உண்மை பேசுகிறார், அவ்வளவுதான், நாளே வேறாகிவிடுகிறது. சுவிட்சர்லாந்தின் லொகார்னோ திரைப்பட விழாவில் முதல் பரிசான தங்கச் சிறுத்தை வாங்கிய படம் அது.

வசனத்தை அன்றன்று காலையில்தான் எழுதிக் கொடுப்பார். அண்மைப் படங்களில் கேமரா, எடிட்டிங், இசை எல்லாம் அவரே. இதைச் சோம்பல் என்றோ செலவு மிச்சம் என்றோ நினைக்க வேண்டாம், காலையில் கைக்கு வந்த வசனத்தை நடிகர்கள் மனப்பாடம் செய்து ஒரே நீண்ட ஷாட்டில் பேசியாக வேண்டும்.

நெல்லையிலிருந்து இதை எழுதக் காரணம் உண்டு. எங்கள் ஊர் என்றாலே சினிமாவுக்கு அருவாதான். சாயங்காலம் தாமிரபரணிப் படித்துறையில் உட்கார்ந்து ஊர்க்கதை பேசுகிற அண்ணன்மாரையும், பாகம் பிரிக்கிற பேச்சில் சிரித்துக்கொண்டே குத்தலாக ஒரு வார்த்தை விடுகிற சித்தப்பாவையும் யார் எடுத்தார்கள்? பாளையங்கோட்டையில் விஸ்காம் (காட்சித் தொடர்பியல்) படிக்கிற பிள்ளைகளும் குறும்படம் என்றால் முதலில் அருவாவையும் ட்ரோனையும்தான் தேடுகிறார்கள். ஒரு மேசை, நல்ல நடிகர்கள் ரெண்டு பேர், கூர்மையான காது, இதை வைத்தும் உலகத் தரத்தில் படம் எடுக்கலாம் என்று அவர்களுக்கு யாராவது சொல்ல வேண்டும்.

நீங்களே சொல்லுங்கள். ஹாங்குக்கு ஒரு முழுப்பக்கம் ஒதுக்குங்கள். கதைச்சுருக்கம் வேண்டாம், இத்தனை சின்னக் குழுவை வைத்துக்கொண்டு எப்படி எடுக்கிறார் என்பதை விரிவாக எழுதுங்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
வண்ணார்பேட்டை, திருநெல்வேலி