இயக்கம் என்ற வரியில் மியூசிடோராவின் பெயரையும் அச்சிடுங்கள்

மௌனப்பட விழா அமைப்பாளர்களுக்கு,

வணக்கம். பிரெஞ்சு மௌனப்பட நடிகையும் இயக்குநருமான மியூசிடோரா யார் என்று உங்களுக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. விழா நடந்த நாட்கள் முழுவதும் அரங்க வாசலில் நீங்கள் ஒட்டியிருந்தது அவர் முகம்தான். கறுப்புத் துணிக்குள்ளிருந்து பார்க்கும் மை தீட்டிய அந்தப் பெரிய கண்களை நம்பித்தான் பதினைந்து வயது மகளையும் அழைத்துக்கொண்டு வந்தேன்.

சனிக்கிழமை லூயி ஃபுய்யாத் எடுத்த ‘லே வாம்பீர்’ தொடரின் மூன்றாம் பாகத்தைக் காட்டினீர்கள். மியூசிடோரா நடித்த இர்மா வெப் என்ற பாடகியின் பெயர் சுவரொட்டியில் இருக்கிறது. பார்த்துக்கொண்டிருக்கும்போதே அதிலுள்ள ஏழு பிரெஞ்சு எழுத்துகளும் இடம் மாறி ‘வாம்பீர்’, அதாவது இரத்தம் குடிக்கும் பேய், என்று நிற்கின்றன. மகள் என் கையை இறுகப் பிடித்துக்கொண்டாள். 1915இல் எடுத்த காட்சி இன்றைய பிள்ளையை அப்படிப் பிடித்து வைக்கிறதே என்று மனம் நிறைந்துபோனது. அதற்காக உங்களுக்கு உண்மையாகவே நன்றி சொல்கிறேன்.

ஞாயிற்றுக்கிழமை ‘சொலேய் எ ஓம்ப்ர்’. வெயிலும் நிழலும் என்று பொருள். 1922இல் ஸ்பெயினுக்குப் போய் எடுத்த படம். சத்திரத்தில் வேலை செய்யும் ஹுவானாவும் வெளிநாட்டிலிருந்து வரும் பொன்னிறக் கூந்தல்காரியும் மியூசிடோராவேதான். ‘லே வாம்பீர்’ தொடரின் கறுப்பு உடையும் இல்லை, கூரைமேல் ஓட்டமும் இல்லை. காளைச் சண்டை வீரனை இழக்கப்போகும் ஒருத்தியின் முகம் மட்டும். விளக்கு போட்டதும் மகள் கேட்டாள், “இதை எடுத்தவர் யார் அப்பா?”

உங்கள் கையேட்டை விரித்தேன். ‘இயக்கம்: ழாக் லாசேன். நடிப்பு: மியூசிடோரா.’

லாசேன் இணை இயக்குநர். அவர் பெயரை எடுக்கச் சொல்லவில்லை. ஆனால் அதே வரியில் இருக்க வேண்டிய இன்னொரு பெயர் எங்கே போயிற்று? “அப்படியென்றால் இவர் நடித்தவர் மட்டும்தானா?” என்றாள். ரயில் நிலையம் வரைக்கும் விளக்கிக்கொண்டே வந்தேன். ரயிலில் அவள் பேனாவை எடுத்து, லாசேன் பெயருக்குப் பக்கத்தில் இருந்த இடுக்கில் மியூசிடோராவின் பெயரை எழுதினாள். இடம் போதாமல் கடைசி எழுத்துகள் பக்கத்திலிருந்த படத்தின்மேல் ஏறிவிட்டன. இதை எழுதும்போது அந்தக் கையேடு என் மேசைமேல் கிடக்கிறது.

அரங்கத்தை விட்டுக் கிளம்பும் முன்பே தகவல் மேசையில் சொன்னேன். “மக்கள் அவரை நடிகையாகத்தான் அறிவார்கள்” என்று பதில் வந்தது. நீங்கள் அச்சிடாவிட்டால் மக்கள் வேறு எப்படி அறிவார்கள்?

நீங்கள் அறியாததா? பாரிஸின் ஃபொலி பெர்ஜேர் கேளிக்கை அரங்க மேடையிலிருந்து ஃபுய்யாத்தின் கேமராவுக்கு வந்தவர், அவரது ‘ஜூதெக்ஸ்’ தொடரில் நடித்த டயானா மோன்டி வேடத்தோடு தன் வேலை முடிந்தது என்று உட்கார்ந்துவிடவில்லை. தன் பெயரிலேயே ஒரு பட நிறுவனம் தொடங்கினார். தோழியும் எழுத்தாளருமான கொலெத் எழுதிய கதையைப் படமாக்கினார். ‘விசென்தா’, ‘பூர் தோன் கார்லோஸ்’, இந்தப் படம், பிறகு 1924இல் ஸ்பெயினிலேயே இன்னொன்று. இத்தனையும் செய்தவர் முதுமையில் பாரிஸின் சினிமாதெக் என்ற திரைப்படக் காப்பகத்தில் வேலை பார்த்தார். தொடக்கக் காலத் திரைக்கலைஞர்களின் நினைவுகளைத் திரட்டித் தந்தார். சில வேளை டிக்கெட் கொடுக்கும் இடத்திலும் உட்கார்ந்திருக்கிறார். உள்ளே திரையில் பார்க்கப்போகிறவர்தான் வெளியே டிக்கெட் நீட்டுகிறார் என்று வாங்கியவர்களில் பலருக்குத் தெரியாது. 1957இல் காலமானார். மற்றவர்களின் வரலாறு தொலைந்துவிடக் கூடாது என்று உழைத்த ஒருவருக்கு நாம் செய்யும் மரியாதை இதுதானா?

இவர் ஒருவர் கதை மட்டுமா இது? 1896லிருந்து பிரான்சின் காமோன் பட நிறுவனத்துக்காகப் படம் படமாக எடுத்துக் குவித்த பெண் இயக்குநர் ஆலிஸ் கீயின் படங்கள் எத்தனை காலம் பிறர் கணக்கில் கிடந்தன! தன் படங்களைத் தானே தேடி அமெரிக்கா வரைக்கும் போய் வெறுங்கையோடு திரும்பினார் அந்த அம்மையார். பெண் கேமராவுக்கு முன்னால் நின்றால் முகத்தைச் சுவரில் ஒட்டுகிறோம், பின்னால் நின்றால் பெயரை விட்டுவிடுகிறோம். நூறு ஆண்டுகளாக இதே கதை என்றால் கோபம் வராமல் என்ன செய்யும்?

குரல் உயர்ந்துவிட்டது, மன்னியுங்கள். விழா நடத்துவதில் உள்ள பாடும் பணத் தட்டுப்பாடும் எனக்குத் தெரியும். மறு அச்சுக்குச் செலவாகும் என்றால் ஒரு திருத்தத் தாள் போதும். ‘இயக்கம்: மியூசிடோரா, ழாக் லாசேன்’ என்று ஒரே வரி. கையேட்டோடு வைத்துக் கொடுங்கள். அடுத்த முறை இந்தப் படத்தைத் திரையிடும்போது அறிமுகம் செய்பவர் அந்த வரியை வாய்விட்டுப் படிக்கட்டும். இதைத்தான் தாழ்மையுடன் கேட்டுக்கொள்கிறேன்.

திருத்தத் தாள் தயாரானால் எனக்கு ஒன்று அனுப்பிவையுங்கள். டிக்கெட் வாங்கும்போது கொடுத்த முகவரி உங்களிடம் இருக்கிறது. மகளின் கையேட்டில் அதை ஒட்டிவைக்க வேண்டும்.

இப்படிக்கு,
தங்கள் விழாவின் பார்வையாளர் ஒருவர்