தலைக்கு மேலே நட்சத்திரங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

இருபது ஆண்டுகளாக லோக்கல் ரயிலைப் பிடிக்க ஓடியே பழகிய நான், மும்பை சத்ரபதி சிவாஜி மகாராஜ் முனையத்தை வழிகாட்டியுடன் சுற்றிப் பார்த்தது சென்ற வாரம்தான். வாசல் தூண்களில் ஒருபுறம் சிங்கம், மறுபுறம் புலி; பிரிட்டனும் இந்தியாவுமாம்! டிக்கெட் கூடத்தின் விதானத்தில் பொன் நட்சத்திரங்கள். சில்லறையை எண்ணிய அவசரத்தில் ஒருநாளும் அண்ணாந்து பார்த்ததில்லை. 1878-இல் தொடங்கிய இக்கட்டடத்தை வடிவமைத்தவர் ஸ்டீவன்ஸ் என்பது தெரியும். கல்லில் மயிலும் குரங்கும் செதுக்கியதில் ஜே.ஜே. கலைப் பள்ளி மாணவர்களின் கையும் உண்டு என்பதுதான் எனக்குப் புதிது. 1908-இல் திறந்த நம் எழும்பூர் நிலையத்தையும் யாராவது இப்படி நிறுத்தி நிதானமாகக் காட்டினால், ஊருக்கு வரும்போது முதல் ஆளாக நிற்பேன்.

வாசகர், மாதுங்கா, மும்பை