ஓய்வு பெற்ற பிறகு வரும் பதவி உயர்வு

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். அரசு மருத்துவக் கல்லூரிகளில் ஆசிரியர் பற்றாக்குறை இருப்பதாகத் தேசிய மருத்துவ ஆணையம் விளக்கம் கேட்கும்போதெல்லாம், புதிய நியமனங்கள் போதவில்லை என்ற அளவிலேயே பேச்சு முடிந்துவிடுகிறது. ஏற்கெனவே பணியில் இருப்பவர்களுக்கு உரிய காலத்தில் பதவி உயர்வு வழங்காததும் இந்தப் பற்றாக்குறைக்கு ஒரு காரணம் என்பதை, தமிழ்நாட்டு அரசு மருத்துவக் கல்லூரி ஒன்றில் இணைப் பேராசிரியராகவே ஓய்வு பெற்றவன் என்ற முறையில் எழுத விரும்புகிறேன்.

ஆணையத்தின் விதிகளின்படி, உதவிப் பேராசிரியராக 4 ஆண்டுகளும் இணைப் பேராசிரியராக 3 ஆண்டுகளும் பணியாற்றி, ஆய்வுக் கட்டுரை உள்ளிட்ட நிபந்தனைகளை நிறைவு செய்தவர் அடுத்த பதவிக்குத் தகுதி பெறுகிறார். தகுதி பெறுவது வேறு, பதவி உயர்வுக்கான தேர்ந்தோர் பட்டியலில் பெயர் வருவது வேறு. காலியிடங்களை மதிப்பிட்டு ஆண்டுதோறும் வெளியிட வேண்டிய அந்தப் பட்டியல் ஓராண்டு தவறினால், அந்த இடைவெளியில் பணி ஓய்வு வயதை எட்டுபவர் பதவி உயர்வு இல்லாமலேயே ஓய்வு பெற வேண்டியதுதான். 2022 ஜனவரி 12 அன்று விருதுநகர், நாமக்கல், அரியலூர் என ஒரே நாளில் 11 புதிய அரசு மருத்துவக் கல்லூரிகள் திறக்கப்பட்டபோது, இனியாவது பட்டியல்கள் விரைந்து வரும் என்று நம்பியவர்களில் நானும் ஒருவன்.

பட்டியல் தாமதமாவதற்கு வழக்குகளைக் காரணம் காட்டுவது வழக்கம். ஆனால் அந்த வழக்குகள் ஏன் எழுகின்றன என்று பார்த்தால், பெரும்பாலும் பணிமூப்பில் போய் நிற்கும். எங்கள் துறையில் ஒருவருடைய இடம், அரசு மருத்துவர்களின் பணிமூப்புப் பட்டியலில் உள்ள சி.எம்.எல். (சிவில் மெடிக்கல் லிஸ்ட்) எண்ணால் அறியப்படுகிறது. மாநில அரசுப் பணி விதிகளில் தற்காலிக நியமனத்துக்கான 10(ஏ)(1) விதியின்கீழ் சேர்ந்து பின்னர் பணிவரன்முறை செய்யப்பட்டவருக்குச் சேர்ந்த நாள் முதல் மூப்பா, வரன்முறை செய்யப்பட்ட நாள் முதலா? ஆரம்ப சுகாதார நிலையத்தில் பல ஆண்டுகள் பணியாற்றிவிட்டுக் கல்லூரிக்கு வந்தவர், தமக்கு முன்பே கல்லூரிக்கு வந்துவிட்ட இளையவருக்கு மேலா, கீழா? இவற்றுக்கெல்லாம் பட்டியல் வெளியாகும் முன்பே துறை எழுத்துமூலம் விடை சொல்லியிருக்க வேண்டும். சொல்லாமல் பட்டியலை வெளியிட்டால், பாதிக்கப்பட்டவர் ரிட் மனுவோடு உயர் நீதிமன்றத்துக்குத்தான் போவார். இடைக்காலத் தடை வரும், தனி நீதிபதியின் தீர்ப்பு வரும், அதன்மேல் இரு நீதிபதிகள் அமர்வில் மேல்முறையீடு வரும். வென்றவரும் தீர்ப்பு நிறைவேற்றப்படாமல் நீதிமன்ற அவமதிப்பு வழக்குத் தொடர வேண்டியிருக்கும். இத்தனைக்கும் நடுவே, வழக்கில் சம்பந்தப்படாத துறைகளின் பட்டியல்களும் ஏனோ சேர்ந்தே உறங்கும்.

கடும் தண்டனைக்கான ஒழுங்கு நடவடிக்கையைத் தொடங்கி, அது முடியும்வரை பதவி உயர்வை நிறுத்திவைக்கும் 17(பி) குறிப்பாணையைப் பற்றித் தனியாகவே ஒரு கடிதம் எழுதலாம். என்றோ நடந்த ஒரு நிகழ்வுக்கான குற்றக் குறிப்பாணை, பட்டியல் வரும் நேரம் பார்த்துக் கைக்கு வரும். குறிப்பாணை வழங்கப்பட்டால்தான் நடவடிக்கை நிலுவையில் இருப்பதாகக் கொள்ள முடியும் என்று ஜானகிராமன் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1991இலேயே சொல்லிவிட்டது. அந்தத் தீர்ப்பை எங்கள் அலுவலகங்கள் நன்றாகத்தான் படித்திருக்கின்றன என்று நினைக்கிறேன்.

வழக்கில் வென்றாலும் இழந்தது திரும்புவதில்லை என்பதுதான் இதில் கொடுமை. மேற்கு வங்கத்தைச் சேர்ந்த முதன்மை அறிவியல் அலுவலர் ஒருவர் 2016 டிசம்பர் 31 அன்று ஓய்வு பெற்றார். அவருடைய பதவி உயர்வுக்கான ஒப்புதல் 2017 ஜனவரி 4 அன்று வந்தது. நான்கே நாள் இடைவெளி. தீர்ப்பாயமும் உயர் நீதிமன்றமும் அவருக்குக் கருத்தியலான பலன் (பதவி உயர்ந்ததாகவே கொண்டு கணக்கிடும் பணப்பலன்) தரச் சொல்லியும், உயர் பதவியில் பொறுப்பேற்காதவருக்கு முன்தேதியிட்ட பணப்பலன் இல்லை என்று உச்ச நீதிமன்றம் 2024 நவம்பரில் தீர்ப்பளித்தது. பதவி உயர்வுக்குப் பரிசீலிக்கப்படுவது அடிப்படை உரிமை என்பதை அதே தீர்ப்பு ஏற்கிறது. பரிசீலனையைத் தள்ளிப்போட்டே அந்த உரிமையை வெறுமையாக்கிவிட முடியும் என்பதற்கு அந்த நான்கு நாள்களே போதும்.

ஊதியம்தான் காலமுறைப்படி உயர்ந்துவிடுகிறதே, பதவிப் பெயர் எதற்கு என்று கேட்பவர்கள் உண்டு. 2009ஆம் ஆண்டின் அரசாணை எண் 354 அப்படியொரு ஊதிய உயர்வைத் தந்தது உண்மை. ஆனால் நான்காம் ஊதியப் பட்டை என்னும் உயர் ஊதிய நிலையை எட்ட அதன்படி 20 ஆண்டுகள் ஆகின்றன, அதை 12 ஆண்டுகளாக்கக் கோரித்தான் 2019 அக்டோபரில் அரசு மருத்துவர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். அது ஒருபுறம் இருக்கட்டும். ஊதியம் உயர்வதால் மட்டும் ஒருவர் பேராசிரியராகிவிடுவதில்லை. ஒரு துறையில் எத்தனை முதுநிலை மாணவர்களைச் சேர்க்கலாம் என்பது அங்குள்ள பேராசிரியர், இணைப் பேராசிரியர் எண்ணிக்கையைக் கொண்டே கணக்கிடப்படுகிறது. தகுதியுள்ளவரைக் கீழ்ப் பதவியிலேயே வைத்திருந்தால், இழப்பு அவரோடு நிற்பதில்லை. மத்திய அரசு மருத்துவப் பணியில் 2008 முதல், காலியிடத்தோடு முடிச்சுப் போடாமல், குறிப்பிட்ட ஆண்டுப் பணி முடித்த ஆசிரியர்களுக்கு அடுத்த நிலை வழங்கப்படுகிறது. நம் மாநிலம் அதை எண்ணிப் பார்க்க நிதி மட்டுமே தடை என்று எனக்குத் தோன்றவில்லை.

என் வரையில், தகுதி பெற்று ஐந்து ஆண்டுகள் காத்திருந்தேன். பணிமூப்பு குறித்து இருவர் தொடர்ந்த வழக்கில் பட்டியலுக்குத் தடை வந்தது. அவர்கள்மேல் எனக்குக் கோபமில்லை, அவர்கள் இடத்தில் நான் இருந்திருந்தாலும் அதைத்தான் செய்திருப்பேன். தடை நீங்கிப் பட்டியல் வந்தபோது நான் ஓய்வு பெற்று ஐந்து மாதங்கள் ஆகியிருந்தன.

துறைவாரியாக வரைவுப் பணிமூப்புப் பட்டியலை ஆண்டுத் தொடக்கத்திலேயே இணையத்தில் வெளியிட்டு, ஆட்சேபங்களுக்கு ஒரு மாத அவகாசம் தந்து, ஒவ்வொன்றுக்கும் காரணத்தோடு எழுத்தில் பதில் சொன்ன பிறகு தேர்ந்தோர் பட்டியலை இறுதி செய்ய மருத்துவக் கல்வி இயக்குநரகம் முன்வர வேண்டும். அவ்வாண்டில் ஓய்வு பெறுபவர்களின் பெயர்களையாவது முதலில் பரிசீலிக்க வேண்டும். என் துறையில் பணிமூப்பில் எனக்கு அடுத்து இருந்தவர் வரும் மே மாதம் ஓய்வு பெறுகிறார். இந்த ஆண்டுக்கான பட்டியல் இன்னும் வரவில்லை.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற இணைப் பேராசிரியர் ஒருவர்,
மதுரை.