யாரையாவது கட்டிக்கணும்

அன்புள்ள நண்பா,

உன் கடிதம் வந்து இருபது நாளாகிறது, திட்டாதே. இங்கே அக்கா மகனுக்குப் பெண் பார்க்கும் படலம். போன வாரம் ஒரு பெண், "என்னை ஏன் பிடிச்சுது?" என்று கேட்டிருக்கிறாள். இவன், "பத்துக்கு எட்டுப் பொருத்தம் இருக்குங்க" என்றிருக்கிறான். அதோடு சரி. அக்காவுக்கு அழுகை, எனக்கோ சிரிப்பு. இதே உளறலை ஊமைப்பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டன் 1925லேயே உளறியாச்சு.

அறையில் நாம் பார்த்த 'செவன் சான்சஸ்' படம்தான். அதில் கீட்டனுக்குத் தாத்தாவின் உயிலில் 70 லட்சம் டாலர், ஆனால் 27வது பிறந்த நாளில் மாலை ஏழு மணிக்குள் கல்யாணம் முடிந்திருக்க வேண்டும், சேதி கிடைப்பதோ அதே நாளில். மணப்பெண் தேவை என்று பத்திரிகையில் வந்ததைப் பார்த்து மணக்கோலத்தில் கிளம்பிய நூற்றுக்கணக்கான பெண்கள் அவனைத் துரத்துவதற்குத்தான் நீ விழுந்து விழுந்து சிரித்தாய். அந்த ஜோக் பழசுடா. 1904லேயே பயோகிராஃப் என்ற படக் கம்பெனி 'பர்சனல்' என்று ஒரு படம் எடுத்தது, அதே வருஷம் எடிசன் கம்பெனி அதைக் காப்பியடிக்க, விஷயம் கோர்ட்டுக்குப் போனது. பாறைகள் உருண்டு துரத்துவது மட்டும் கீட்டனின் சொந்தச் சரக்கு. வெளியிடும் முன் போட்டுக் காட்டியபோது மூன்றே கல் உருண்டதற்கு ஜனங்கள் சிரித்தார்களாம், உடனே போலிப் பாறைகள் சுமார் 1,500 செய்து சரிவில் உருட்டிவிட்டார்.

இந்தத் தடவை எனக்குப் பிடித்தது ஆரம்பம். காதலி மேரி வீட்டு வாசலில் நிற்கிறான், காதலைச் சொல்ல வாய் வரவில்லை. கோடை போய்ப் பனி கொட்டி வசந்தமும் வந்துவிடுகிறது, பக்கத்தில் நிற்கும் குட்டி நாய் கன்றுக்குட்டி மாதிரி வளர்ந்துவிடுகிறது, இவன் அதே இடத்தில் நிற்கிறான். அப்புறம் ஒருவழியாகக் கேட்கிறான், அவளும் சரி என்கிறாள். இன்று மட்டும் எப்படித் தைரியம் வந்தது என்று கேட்டதும் மண்டு உயில் கதையை எடுத்துவிட்டு, இன்றைக்குள் யாரையாவது கட்டிக்கொண்டாக வேண்டும் என்கிறான். அந்த 'யாரையாவது' போதாதா? 70 லட்சத்தைத் தூக்கி எறிந்துவிட்டு மேரி உள்ளே போய்விடுகிறாள். ஊமைப் படத்தில் ஒருவன் பேசிக் கெட்டான் பார்!

அதற்குப் பிறகு கிளப்பில் ஏழு பெண்களிடம் கேட்கிறான், ஒருத்தியும் மசியவில்லை. மாடியில் இருந்தவளுக்குச் சீட்டெழுதி எறிகிறான், அது கிழிந்து துண்டு துண்டாக அவன் தலையிலேயே பனி மாதிரி கொட்டுகிறது. எதுவும் சொல்லாமல் நிற்கிறான் பார், அந்த முகத்துக்காகவே இரண்டு தடவை பார்த்தேன்.

வரும் ஞாயிறு இன்னொரு பெண் பார்க்கப் போகிறோம். கிளம்புவதற்கு முன் மாப்பிள்ளைக்கு இந்தப் படத்தைப் போட்டுக் காட்டலாமென்று இருக்கிறேன். உன் முழங்கால் வலி எப்படி? எழுது.

உன்
பழைய அறைத்தோழன்