அட்டையில் ஒரு வரி போடுங்கள்

பழைய இத்தாலியப் படங்களைப் புதுப்பித்து வெளியிடும் நிறுவனத்தாருக்கு,

வணக்கம். டிவிடி காலத்திலிருந்து உங்களிடம் வாங்குகிறேன். மரியோ பாவா, லூசியோ ஃபுல்சி என்ற திகில் பட இயக்குநர்களின் படங்களைத் தெளிவான பிரதியில் பார்த்தது உங்களால்தான். அந்த நன்றியோடுதான் எழுதுகிறேன்.

போன மாதம் ‘கானிபல் ஹோலோகாஸ்ட்’ என்ற, மனிதரைத் தின்னும் காட்டுவாசிகள் பற்றிய திகில் படத்தின் புதிய பதிப்பு வந்து சேர்ந்தது. அட்டையில் ‘வெட்டுப்படாத முழு வடிவம்’ என்று கொட்டை எழுத்து. எதை வெட்டவில்லை என்று எங்கேயும் இல்லை. சினிமா என்றால் உயிரை விடும் என் தம்பி மகனும் என்னோடு உட்கார்ந்து பார்த்தான். ஆற்றிலிருந்து ஒரு பெரிய ஆமையை இழுத்து வந்து தலையை வெட்டுகிறார்கள். தலை போன பிறகும் கால்கள் அசைகின்றன. “இதை எப்படிச் செஞ்சிருப்பாங்க, பெரியப்பா?” என்று கேட்டான். ரப்பர் பொம்மை என்று நினைத்திருக்கிறான். நிஜ ஆமை என்றதும் எழுந்து போய்விட்டான். முன்னமே சொல்லாதது என் தப்பு. ஆனால் அட்டையும் சொல்லவில்லையே?

1979-இல் கொலம்பியாவின் லெட்டீசியா பக்கம் படமெடுத்தபோது, ஒரே குரங்குக் காட்சிக்கு இரண்டு குரங்குகளைக் கொன்றார்கள். படம் வெளிவந்ததும் நடிகர்களையே கொன்றுவிட்டார் என்று இத்தாலியில் இயக்குநர் ருஜ்ஜேரோ தியோடாட்டோ மேல் வழக்கு வந்தது. நடிகர்கள் உயிரோடு இருப்பதைக் காட்டித்தான் மீண்டார். ஆமையை அப்படிக் காட்ட முடியாது.

படத்தை வெட்டவோ நெகட்டிவை அழிக்கவோ சொல்லவில்லை. நடந்தது நடந்தபடி பாதுகாக்கப்பட வேண்டும். கேட்பது ஒன்றுதான்: ‘இதில் விலங்குகள் நிஜமாகவே கொல்லப்படுகின்றன’ என்று அட்டையிலும் படம் தொடங்கும் முன்பும் போடுங்கள். அந்தக் காட்சிகளைத் தாண்டிப் பார்க்கும் வசதியும் கொடுங்கள். இரண்டு முறை மின்னஞ்சல் அனுப்பினேன். “ரசிகர்களுக்கு இது தெரியும்” என்று ஒரு வரி வந்தது. முதல் தடவை பார்ப்பவனுக்கு எப்படித் தெரியும்?

இன்னொன்றும் மனதை அறுக்கிறது. படத்தில் வரும் யானோமாமி என்பது படத்துக்காகக் கட்டிய பெயர் இல்லை. அமேசானில் இன்றும் வாழும் மக்களின் பெயர். அதை மனிதக் கறி தின்னும் கூட்டத்துக்கு ஒட்டினார்கள். அந்த மக்களோ தங்கள் காட்டுக்குள் புகுந்த தங்கச் சுரங்கக்காரர்களோடு இன்னும் போராடிக்கொண்டிருக்கிறார்கள். சரி, அதற்குத் தனியாக ஒரு கடிதம் எழுத வேண்டும்.

அடுத்த பதிப்பிலாவது அந்த ஒரு வரியைப் போடும்படி பணிவோடு கேட்டுக்கொள்கிறேன். என்னிடம் இருக்கும் பெட்டியின் மேல் இப்போதைக்கு நானே ஒரு சீட்டில் எழுதி ஒட்டியிருக்கிறேன்.

இப்படிக்கு,
உங்கள் பழைய வாடிக்கையாளர்