தம்பிக்கு அப்பா எழுதுவது

அன்புள்ள தம்பிக்கு,

இங்கே எல்லோரும் சுகம். அம்மாவுக்கு முழங்கால் வலி அப்படியேதான். நேரத்துக்குச் சாப்பிடு.

நீ சொன்ன ஸ்பெயின்காரர் செகுந்தோ தே சோமோன் எடுத்த 'எலக்ட்ரிக் ஓட்டல்' படத்தைப் பார்த்தேன். 1908இல் எடுத்ததாமே! பெட்டி தானே அறைக்குப் போகிறது, பூட்ஸ் தானே பாலிஷ் ஆகிறது. பொருளை மயிரிழை நகர்த்தி ஒரு ஃப்ரேம், மறுபடி நகர்த்தி ஒரு ஃப்ரேம். காலமெல்லாம் தியேட்டரில் ரீல் ஓட்டியவனுக்கு அந்தப் பாடு புரியாதா? உன் வேலையைப் பற்றி, பொம்மையை நகர்த்தவா சம்பளம் என்று கேட்ட உன் சித்தப்பாவைக் கூப்பிட்டுப் போட்டுக் காட்டினேன். வாயைத் திறக்கவில்லை. கடைசியில் குடிகாரன் ஒருத்தன் சுவிட்சை மாற்றிப் போட்டு ஓட்டலையே தலைகீழாக்குகிறான். அதைச் சித்தப்பாவுக்கு விளக்க வேண்டியிருக்கவில்லை.

எனக்குக் கண் போனது அந்தப் பெண் மேல்தான். நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறாள், தலைமுடியைப் பிரஷ் தானே வாரிவிடுகிறது. அவள் ஜூலியென் மத்தியூ, நிஜத்திலும் சோமோனின் மனைவி. படத்தில் புருஷனாக வருவதும் அவரே. ஸ்பெயினில் தெருவெல் ஊரில் பிறந்த மனுஷன், நீ இருக்கும் பார்சலோனாவில்தான் பிலிமுக்குக் கையால் நிறம் தீட்டும் பட்டறை வைத்திருந்தார். அப்புறம் பாரிஸ், பாத்தே என்ற சினிமா கம்பெனி. எவ்வளவு வேலை இருந்தாலும் அந்தம்மாவை விட்டுவிட்டு ஓடவில்லை, படத்துக்குள்ளேயே சேர்த்துக்கொண்டார். இதை ஏன் சொல்கிறேன் என்றால், ஒன்றுமில்லை, சும்மாதான்.

ராத்திரி கண் விழிக்காதே. ஸ்பெயினின் ஏபிசி பத்திரிகையில் கேலிச்சித்திரம் போட்ட சௌதாரோ கார்ட்டூன் படத்தில் இறங்கினார், 1933இல் போய்விட்டார். கண் விழித்ததால் என்று சொல்லவில்லை. ஆனாலும் நேரத்துக்குத் தூங்கு, நேரத்துக்குச் சாப்பிடு. சமைக்கிறீர்களா, கடைச் சாப்பாடா?

முன்னெல்லாம் நீ பேசும்போது பின்னாலிருந்து "மாமா, நல்லா இருக்கீங்களா" என்று ஒரு குரல் வரும். இப்போது வருவதில்லை. ஷிஃப்ட் நேரம் மாறியிருக்கும் என்று அம்மா சொல்கிறாள். சரி. அந்த ஓட்டலில் கடிதம்கூடத் தானே எழுதிக்கொள்கிறது. அந்த வசதி நமக்கில்லை, நீதான் எழுத வேண்டும்.

பருப்புப் பொடி, வடாம், அம்மா தீபாவளிக்கு எடுத்த பச்சைப் புடவை எல்லாம் கட்டி வைத்தாயிற்று. கூரியர்காரர் நாளைக்கு வருவார். மேலே உங்கள் இரண்டு பேர் பெயரையும்தானே எழுத வேண்டும்?

அப்பா